குரங்குப் பானை: அக்கறையால் மடிந்த செடியின் வரலாறு



சில ஆண்டுகளுக்கு முன்னர், ஆண்டிறுதி விடுமுறை முடிந்து பள்ளி திறந்த முதல் வாரம். என் நான்காம் ஆண்டு வகுப்பு மாணவன் ஒருவன், செய்தித்தாளில் சுற்றிய சிறு பூந்தொட்டி ஒன்றைக் கொண்டுவந்து என் மேசைமீது வைத்தான். குடும்பத்தோடு கேமரன் மலைக்குச் சென்றபோது, சாலையோரக் கடையில் அவன் தந்தை வாங்கிக் கொடுத்ததாம். இலைகளின் நுனியில் சிறு குடுவைகள் தொங்கும் செடி அது. மலாய் மொழியில் இதனைப் 'பெரியோக் கெரா' என்பர். 'குரங்குப் பானை' என்பது அதன் பொருள். தமிழில் குடுவைச் செடி என்கிறோம்.

வகுப்பில் வாய் திறக்கவே தயங்கும் பிள்ளை அவன். வாசிப்பில் மிகவும் பின்தங்கியிருந்தான். அன்றோ, "ஐயா, இது பூச்சி தின்னும்!" என்று எல்லாருக்கும் கேட்கும்படி உரக்கச் சொன்னான். அந்த மகிழ்ச்சியைக் காப்பாற்ற வேண்டும் என்று எண்ணி, செடியைப் பேணும் பொறுப்பை நானே ஏற்றுக்கொண்டேன்.

மாலை வெயில் நேராக விழும் சன்னலோரத்தில் தொட்டியை வைத்தேன். நாளைக்கு இரண்டு வேளை குழாய்நீர் ஊற்றினேன். பள்ளித் தோட்டத்திற்கென வாங்கியிருந்த உரமணிகளில் ஒரு கைப்பிடி அள்ளிப் போட்டேன். மாணவர்கள் தம் பங்குக்குச் சிற்றுண்டிச்சாலையிலிருந்து கோழித் துண்டுகளைக் கொண்டுவந்து குடுவைகளுக்குள் இட்டனர். மூன்று வாரத்தில் குடுவைகள் கருகின. இரண்டாம் மாதம் முடியுமுன் செடி முழுவதும் பட்டுப்போயிற்று.

"ஏன் ஐயா செத்துப்போச்சு?" என்று கேட்டான் அம்மாணவன். "நம்ம ஊர்ச் சூடு அதற்கு ஒத்துவரவில்லை" என்று கூறி அனுப்பிவிட்டேன். அது பாதி உண்மைதான் என்பது எனக்கே உள்ளூரத் தெரியும். மீதி உண்மையைத் தேடிப் புறப்பட்டபோதுதான், இச்செடியை மனிதன் வளர்க்க முயன்ற நெடிய வரலாறு ஒன்று என் கண்ணில் பட்டது. அதில் நம் தோட்டப்புற வரலாற்றோடு நெருங்கிய தொடர்புடைய மனிதர் ஒருவரையும் கண்டேன். அதனையே இன்று உங்களோடு பகிர்ந்துகொள்ள விழைகிறேன்.

பெயர் பெற்ற வரலாறு

குடுவைச் செடியைப் பற்றி முதன்முதலில் எழுதிய ஐரோப்பியர், மடகாஸ்கர் தீவில் ஆளுநராக இருந்த எத்தியேன் டி பிளாகூர் என்னும் பிரெஞ்சுக்காரர். 1658-இல் வெளிவந்த அவருடைய நூலில், மூடியோடு கூடிய சிறு குவளை போன்ற உறுப்பை உடைய செடி ஒன்றை விவரித்துள்ளார். பின்னர் இலங்கையில் வளரும் மற்றோர் இனமும் ஐரோப்பிய அறிஞர்களின் பார்வைக்குச் சென்றது. 1737-இல் சுவீடன் நாட்டு அறிஞர் லின்னேயஸ் இவ்வகைச் செடிகளுக்கு 'நெப்பந்தஸ்' என்று பெயரிட்டார். கிரேக்கக் காப்பியமான ஒடிசியில், துயரம் மறக்க ஹெலன் மதுவில் கலந்து கொடுத்த மருந்தின் பெயரிலிருந்து வந்தது இது. நெடும்பயணம் செய்து களைத்த தாவரவியலாளர் இச்செடியைக் கண்டால் பட்ட துன்பமெல்லாம் மறந்துவிடுவார் என்பது லின்னேயஸ் கூறிய விளக்கம்.

நம் வட்டாரத்தில் இதனை ஆராய்ந்தவர்களுள் முதன்மையானவர் வில்லியம் ஜாக் என்னும் இளம் மருத்துவர். 1819-இல், ராபிள்ஸ் சிங்கப்பூரில் கால்பதித்த அதே ஆண்டில், அங்குள்ள காடுகளில் பெரிய குடுவைகளையுடைய இனம் ஒன்றைக் கண்டார். ராபிள்ஸின் பெயரையே அதற்குச் சூட்டினார். ஆயினும் 1822-இல் ஜாக் இளம் வயதிலேயே காலமானார். அவருடைய விளக்கம் 1835-இல்தான் அச்சேறியது. அந்த ராபிள்ஸ் குடுவைச் செடியைச் சிங்கப்பூரின் காப்புக்காடுகளில் இன்றும் காணலாம்.

அறிஞர்கள் பெயரிடுவதற்கு நெடுங்காலம் முன்பே இம்மண்ணின் மக்கள் இச்செடியை அறிந்திருந்தனர். குடுவைக்குள் அரிசியும் தேங்காய்ப்பாலும் இட்டு அவித்து, லெமாங் போன்ற சிற்றுண்டி செய்யும் வழக்கம் இன்றும் உண்டு. 1854-இல் லேடாங் மலையில் ஏறிய ஆல்பிரட் ரஸ்ஸல் வாலஸ் என்னும் இயற்கை ஆய்வாளர், வழியில் நீர் கிடைக்காமல் தவித்தபோது குடுவைகளிலிருந்த நீரையே பருகினார். பூச்சிகள் மிதந்த, வெதுவெதுப்பான அந்த நீர் குடிக்கத்தக்கதாகவே இருந்தது என்று தம் பயண நூலில் எழுதியுள்ளார்.

கண்ணாடிப் பெட்டியின் வரவு

செடியைக் காண்பது ஒன்று. அதனை உயிரோடு வேறொரு நாட்டிற்குக் கொண்டுசெல்வது மற்றொன்று. 1789-இல் ஜோசப் பேங்ஸ் என்பவர் வழியாக, இலங்கையின் குடுவைச் செடி இலண்டனிலுள்ள கியூ தோட்டத்தைச் சென்றடைந்தது. அக்காலத்தில் அது அரிய நிகழ்ச்சியாகும். மாதக்கணக்கில் நீளும் கப்பல் பயணத்தில் உப்புக்காற்றும் நன்னீர்ப் பற்றாக்குறையும் பெரும்பாலான செடிகளைக் கொன்றுவிடும்.

இந்தச் சிக்கலைத் தீர்த்தவர் நதானியேல் வார்ட் என்னும் இலண்டன் மருத்துவர். 1829-இல், ஒரு பூச்சியின் கூட்டுப்புழுவை ஈரமண்ணோடு கண்ணாடிக் குடுவையில் அடைத்து வைத்திருந்தார். புழு என்னவாயிற்றோ, உள்ளே பெரணிச் செடியொன்று முளைத்துச் செழித்தது. மண்ணிலிருந்து எழும் நீராவி கண்ணாடியில் குளிர்ந்து மீண்டும் மண்ணுக்கே திரும்புவதை அவர் கவனித்தார். அதிலிருந்து உருவானதே வார்டின் கண்ணாடிப் பெட்டி. அதன்பின் கீழை நாட்டுச் செடிகள் ஐரோப்பாவுக்கு உயிரோடு பயணம் செய்தன.

இவ்வகைப் பெட்டியில் ஏறிய மற்றொரு செடியும் உண்டு. பிரேசிலிலிருந்து கியூ தோட்டத்திற்குச் சென்ற விதைகளில் முளைத்த பால்மரக் கன்றுகள், 1876-இல் இத்தகைய பெட்டிகளில்தான் இலங்கைக்கு அனுப்பப்பட்டன. நம் முன்னோரின் வாழ்க்கையையே மாற்றிய பால்மரமும், காட்டோரக் குரங்குப் பானையும் ஒரே வகைப் பெட்டியில் கடல் கடந்தவை என்பது எனக்கு வியப்பளித்தது.

ஹியூ லோ என்னும் மனிதர்

நான் முன்னர்க் குறிப்பிட்ட மனிதர் இவரே. 1851-இல் கினபாலு மலையின் உச்சிப் பகுதியை எட்டிய முதல் ஐரோப்பியர் ஹியூ லோ. அப்போது லாபுவானில் ஆங்கிலேய அதிகாரியாக இருந்தார். 1858-இல் ஸ்பென்சர் செயின்ட் ஜான் என்பவரோடு மீண்டும் மலையேறினார். அப்பயணங்களில், அதுவரை வெளியுலகம் அறிந்திராத மாபெரும் குடுவைச் செடியொன்றை அவர்கள் கண்டனர். ஒரு குடுவையில் இரண்டு லிட்டருக்கும் மேற்பட்ட நீர் இருந்தது. மற்றொன்றில் எலியொன்று மூழ்கி இறந்து கிடந்தது. 1859-இல் ஜோசப் ஹூக்கர் என்னும் அறிஞர் இதற்கு 'நெப்பந்தஸ் ராஜா' என்று பெயரிட்டார். சரவாக்கை ஆண்ட ஜேம்ஸ் புரூக்கைச் சிறப்பிக்கும் பெயர் அது.

இதே ஹியூ லோதான் 1877-இல் பேராக்கின் பிரிட்டிஷ் ரெசிடெண்ட் பதவிக்கு வந்தார். அவ்வாண்டில் சிங்கப்பூருக்கு வந்துசேர்ந்த 22 பால்மரக் கன்றுகளில் 9 கன்றுகள், கோலகங்சாரில் அவருடைய இல்லத் தோட்டத்தில் நடப்பட்டன. அக்கன்றுகளின் வழித்தோன்றல்கள் பின்னாளில் தோட்டங்களாய்ப் பரவின. அத்தோட்டங்களில் உழைக்கத் தமிழர் வந்தனர். அவர்தம் பிள்ளைகளுக்காகத் தோட்டப்புறத் தமிழ்ப்பள்ளிகள் எழுந்தன. என் தந்தையும் பால்மரம் வெட்டியவர்தாம். விடியற்காலையில் வெட்டுக்குச் செல்லும் வழியில், தோட்டத்து எல்லைச் சதுப்பில் இந்தக் குரங்குப் பானைகளைக் கண்டதாக அவர் கூறக் கேட்டிருக்கிறேன். எந்த உரமும் எவரும் இடாமல் அவை அங்கே வளர்ந்திருந்தன.

வெப்ப அறையில் மடிந்த 'ராஜா'

இனி இங்கிலாந்துக்குச் செல்வோம். 19-ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் குடுவைச் செடி வளர்ப்பது அங்குச் செல்வர்களின் பெரும் மோகமாக இருந்தது. வீச் என்னும் புகழ்பெற்ற நாற்றுப்பண்ணை, கீழை நாடுகளுக்கு ஆள் அனுப்பிச் செடிகளைச் சேகரித்தது. 1862-இல் அப்பண்ணையைச் சேர்ந்த ஜான் டொமினி முதல் கலப்பினக் குடுவைச் செடியை உருவாக்கினார். அப்பண்ணைக்காகக் கினபாலு சென்ற பெர்பிட்ஜ் என்பவர், 1878-இல் 'ராஜா'வின் விதைகளை அனுப்பினார். அவற்றிலிருந்து வளர்ந்த செடி 1881-இல் அரச தோட்டக்கலைக் கழகத்தின் கண்காட்சியில் முதல்நிலைச் சான்றிதழ் பெற்றது.

ஆனால் அந்தப் புகழ் நிலைக்கவில்லை. 1905 வாக்கில் வீச் பண்ணையில் 'ராஜா' முற்றிலும் அழிந்துவிட்டது. அயர்லாந்தின் கிளாஸ்னெவின் தோட்டத்தில் எஞ்சியிருந்ததும் பின்னர் மடிந்தது.

காரணம் என்ன? வெப்ப நாட்டுச் செடி என்றால் வெப்பம்தானே வேண்டும் என்று அக்காலத்தார் முடிவுகட்டினர். நிலக்கரி எரித்துச் சூடேற்றிய கண்ணாடி அறைகளில், இரவும் பகலும் புழுக்கத்தில் செடிகளை வைத்தனர். ராபிள்ஸ் குடுவைச் செடி போன்ற தாழ்நிலத்து இனங்களுக்கு அது ஒத்துவந்தது. 'ராஜா'வோ கினபாலுவில் ஏறத்தாழ 1500 முதல் 2650 மீட்டர் உயரத்தில் வளர்வது. அங்குப் பகல் மிதமானது, இரவில் குளிரும். வெப்பமண்டலத்தில் பிறந்த செடிதான். ஆனால் மலைக்குளிரில் வளர்ந்த செடி. அந்த ஒரு வேறுபாட்டை அறியாமையால், பெரும்பொருள் செலவிட்டுப் பேணிய செடிகளை அவர்களே கொன்றனர்.

கேமரன் மலைச் செடியைத் தாழ்நிலப் பள்ளியின் மேற்குச் சன்னலில் வைத்த என் நினைவு வந்தபோது, அந்தத் தோட்டக்காரர்கள்மீது எனக்குச் சினம் எழவில்லை.

இதற்கு மாறான மற்றொரு செய்தியும் உண்டு. 1876-இல் சரவாக் வந்த ஓவியர் மரியான் நார்த், புதிய குடுவைச் செடியொன்றை ஓவியமாகத் தீட்டினார். அவ்வோவியத்தைக் கண்ட வீச் பண்ணையினர் சார்லஸ் கர்ட்டிஸ் என்பவரை அனுப்பித் தேடச் செய்தனர். அவரும் கண்டுபிடித்தார். 1881-இல் அது நார்த்தின் பெயரைப் பெற்றது. அச்செடி பாவ் வட்டாரத்துச் சுண்ணாம்புக் குன்றுகளில் வளர்வது. பெரும்பாலான குடுவைச் செடிகளோ புளிப்புத்தன்மையுள்ள மண்ணில் வளர்பவை. ஒரே குடும்பத்துப் பிள்ளைகளுக்குள்ளும் இத்தனை வேறுபாடு! இந்தக் கர்ட்டிஸ்தான் 1884-இல் பினாங்குத் தாவரவியல் பூங்காவின் பொறுப்பை ஏற்று அதனை உருவாக்கியவர்.

ஏன் பூச்சியை உண்கிறது?

செடி பூச்சியை உண்ணும் என்பதை நெடுங்காலம் எவரும் நம்பவில்லை. அமெரிக்காவின் வீனஸ் பூச்சிப்பிடிச் செடியைப் பற்றிய செய்தி எட்டியபோது லின்னேயஸும் அதனை ஏற்கவில்லை. பூச்சி துடிப்பதை நிறுத்தினால் இலை மீண்டும் திறந்து அதனை விட்டுவிடும் என்றே அவர் கருதினார். 1874-இல் ஹூக்கர், குடுவைகளுக்குள் முட்டை வெண்கருவும் இறைச்சித் துண்டும் இட்டு அவை செரிக்கப்படுவதை எடுத்துரைத்தார். அடுத்த ஆண்டு சார்லஸ் டார்வின் 'பூச்சியுண்ணும் தாவரங்கள்' பற்றிய தம் நூலை வெளியிட்டார்.

டார்வினின் மகன் பிரான்சிஸ் செய்த சோதனை ஆசிரியர்களாகிய நமக்கு மிகவும் பிடிக்கும். சூப் தட்டுகளில் பனித்துளிச் செடிகளை வளர்த்து, ஒவ்வொரு தட்டையும் நடுவே தடுத்தார். ஒரு பாதிச் செடிகளுக்கு மட்டும் வறுத்த இறைச்சியின் நுண்துண்டுகளைக் கொடுத்தார். மறுபாதி பட்டினி. 1878-இல் வெளியான முடிவின்படி, உணவு பெற்ற செடிகள் மற்றவற்றைப் போல் இரு மடங்குக்கும் மேற்பட்ட விதைகளைத் தந்தன. இறைச்சியிலிருந்து அவை பெற்றது முதன்மையாக நைட்ரஜன் சத்து.

போர்னியோவில் 'கெராங்காஸ்' எனப்படும் காடுகள் உள்ளன. இபான் மொழியில் அச்சொல், நெல் விளையாத நிலத்தைக் குறிக்கும். மணற்பாங்கான, சத்தற்ற, புளித்த மண். அங்கேதான் குடுவைச் செடிகள் பெருகி வளர்கின்றன. மண் தராததைச் செடி வானத்திலிருந்து பிடித்துக்கொள்கிறது. அதன் வேர்கள் சத்து மிகுந்த மண்ணுக்காக அமைந்தவை அல்ல. எனவே உரத்தில் உள்ள உப்புகள் அவ்வேர்களைக் கருக்குகின்றன. தப்பிப் பிழைத்தாலும், மண்ணிலேயே சத்து கிடைக்கும் செடி குடுவை விடுவதைக் குறைத்துக்கொள்கிறது. அளவுக்கு மிஞ்சினால் அமிர்தமும் நஞ்சு என்பது இங்கே எழுத்துக்கு எழுத்து உண்மை.

கினபாலுவில் மூழ்கிய எலியைப் பற்றியும் இன்று கூடுதலாக அறிவோம். 2011-இல் வெளியான ஆய்வுகளின்படி, மலைவாழ் மூஞ்சூறு போன்ற சிறு விலங்குகள் 'ராஜா'வின் மூடியில் சுரக்கும் தேனை நக்க வருகின்றன. குடுவையின்மீது அமர்ந்தபடியே அதற்குள் எச்சமிடுகின்றன. அந்த எச்சமே செடிக்கு உரம். விலங்கு மூழ்குவது எப்போதேனும் நேரும் விபத்து.

வீட்டிலும் பள்ளியிலும் வளர்க்க

இவ்வரலாறு கற்பித்தவற்றை நடைமுறைக் குறிப்புகளாகத் தருகிறேன்.

1. செடியின் ஊரை முதலில் அறிக. மலைநாட்டு இனம் சமவெளியில் வாடும். நம் தாழ்நிலப் பள்ளிகளுக்குத் தாழ்நிலத்து இனங்களே ஏற்றவை. வீனஸ் பூச்சிப்பிடிச் செடிக்கு ஆண்டுதோறும் குளிர்கால ஓய்வு தேவை. நம் ஊரில் அது நெடுநாள் நிலைப்பது அரிது.

2. மழைநீரே சிறந்தது. குழாய்நீரில் கரைந்துள்ள உப்புகள் தொட்டியில் நாளடைவில் சேர்ந்துவிடும். கூரையிலிருந்து வழியும் நீரை மூடியுள்ள வாளியில் பிடித்து வையுங்கள். மூடி கட்டாயம்; ஏடிஸ் கொசுவை மறந்துவிடாதீர்கள்.

3. குடுவைச் செடியின் தொட்டி ஈரமாக இருக்கவேண்டும். நீரில் நிற்கக் கூடாது. அடியில் நீர் நன்கு வடிய வேண்டும். வீனஸ் செடியையும் பனித்துளிச் செடியையும் மட்டும் ஆழமற்ற நீர்த்தட்டில் வைக்கலாம்.

4. தோட்டமண்ணும் உரமும் வேண்டா. நன்கு அலசிய தேங்காய்நார்த் துண்டு, பாசி, பெர்லைட் ஆகியவை போதும்.

5. காலை வெயிலும் நல்ல வெளிச்சமும் தேவை. உச்சிவெயில் ஆகாது. காற்றில் ஈரம் குறைந்தால் புதிய குடுவைகள் உருவாகா. குளிர்சாதன அறை ஏற்றதன்று.

6. இறைச்சி இடாதீர்கள். வெளியில் வைத்தால் எறும்பும் ஈயும் தாமே வரும். குடுவையின் நீரைக் கொட்டிவிட்டுக் குழாய்நீரை நிரப்பவும் வேண்டா. அது செடியே சுரந்த செரிமான நீர். பழைய குடுவைகள் சில மாதங்களில் காய்வது இயல்பே.

7. காட்டிலிருந்து பிடுங்காதீர்கள். 'ராஜா' 1981 முதல் அனைத்துலக வணிகக் கட்டுப்பாட்டு உடன்படிக்கையின் மிகக் கடுமையான பட்டியலில் உள்ளது. நாற்றுப்பண்ணையில் வளர்த்த செடிகளையே வாங்குங்கள்.

நிறைவாக

இவற்றையெல்லாம் படித்து முடித்த பின்னர், ஐந்தாம் ஆண்டுக்குச் சென்றுவிட்ட அம்மாணவனை ஓய்வு நேரத்தில் அழைத்தேன். "உன் செடி ஊர்ச்சூட்டால் மட்டும் சாகவில்லை, தம்பி. நான் உரம் போட்டதும் குழாய்நீர் ஊற்றியதும் தவறு" என்றேன். சிறிது நேரம் பேசாமல் நின்றான். பிறகு, "அப்பா நான்தான் ரொம்பத் தொட்டு விளையாடிட்டேன்னு சொன்னாரு, ஐயா" என்றான். ஓராண்டுக் காலம் அப்பிள்ளை அந்தப் பழியைச் சுமந்திருக்கிறான். நான் சொன்ன பாதி உண்மையின் விலை அது. அன்று மாலையே அவன் தந்தையைத் தொலைபேசியில் அழைத்து நடந்ததைக் கூறினேன்.

பிறகு நாற்றுப்பண்ணையொன்றில் தாழ்நிலத்துக் குடுவைச் செடி வாங்கி, அறிவியல் அறைக்கு வெளியே தொங்கவிட்டோம். மழைநீர் வாளிக்கு அவனே பொறுப்பாளன். எப்போது புதுக்குடுவை திறந்தது, எதில் எறும்பு விழுந்தது என்று குறிப்பேட்டில் எழுதத் தொடங்கினான். முதலில் நாளுக்கு ஒரு வரி. எழுத்துப்பிழைகள் ஏராளம். நான் சிவப்பு மை தொடவில்லை. ஆண்டு முடிவில் பக்கம் பக்கமாக எழுதினான்; தான் எழுதியதைத் தானே உரக்கப் படித்தும் காட்டினான்.

நம் பிள்ளைகளுக்குக் கூடுதல் வகுப்பும் பயிற்சிநூலும் அள்ளி அள்ளிக் கொடுக்கிறோம். அக்கறையினால்தான் கொடுக்கிறோம். வீச் பண்ணையினரும் அக்கறையினால்தான் நிலக்கரி எரித்தனர். எந்த மண்ணில் வளரும் பிள்ளை இது, இதற்கு எது போதும், எது மிகை என்பதை முதலில் கேட்டறிந்து தொடங்கினால், நம் உழைப்பு வீண்போகாது.

உங்கள் வீட்டிலோ பள்ளியிலோ இச்செடி இருந்தால், மழைநீர் வாளியை ஒரு பிள்ளையின் பொறுப்பில் விட்டுப் பாருங்கள். மீண்டும் மற்றொரு கட்டுரையில் சந்திப்போம்.

அன்புடன்,
உங்கள் ஆசிரியன்